சாரலில் காயும் பறை

குற்றாலத்தில் சீசன் தொடங்கினால் தென்காசிப் பக்கத்துப் பறைக் கலைஞர்களுக்கு ஒரு வேலை கூடிவிடும். சாரல் ஈரத்தில் தோல் தொய்ந்துவிடும். வைக்கோலைக் கொளுத்திக் காய்ச்ச வேண்டும், விரலால் தட்டிப் பார்க்க வேண்டும், அரைமணி நேரத்தில் மறுபடியும் காய்ச்ச வேண்டும். எங்கள் தெரு அம்மன் கொடையைப் படம்பிடிக்கும்போது அந்த நெருப்பிலிருந்தே கேமராவை ஓடவிடுகிறேன். வாத்தியம் அங்கேதானே தயாராகிறது!

கல்யாண வீடியோக்காரர்களுக்கு இதெல்லாம் வேண்டாம். "அண்ணே, கொஞ்சம் ஒதுங்கி அடிங்க, ஃபிரேமுக்குள்ள வாறீங்க" என்று ஒருவர் சொன்னதை இந்தக் காதால் கேட்டேன். ஒதுங்கச் சொல்வது எங்களுக்குப் புதிதா என்ன?

பறையில் எழுதிவைத்த தாள் கிடையாது. ஒருவர் அடியை மாற்றுகிறார். பக்கத்தில் நிற்பவர் இரண்டு சுற்று கேட்டுவிட்டு எதிர் அடி வைக்கிறார். மூன்றாமவர் சிரிக்கிறார், அந்தச் சிரிப்புக்குப் பின்னால் இன்னொரு அடி வருகிறது. இதைப் பத்து நொடித் துண்டுகளாக வெட்டினால் வெறும் சத்தம்தான் மிஞ்சும். வெட்டாமல் எடுக்க வேண்டும், வட்டத்துக்குள் நின்று எடுக்க வேண்டும். போனில் ஒலியளவைத் தானாகச் சரிசெய்யும் வசதியை அணைத்துவிட வேண்டும். இல்லையென்றால் அடிக்குச்சியின் அதிர்வுக்குப் பயந்து அது எல்லாவற்றையும் அமுக்கிவிடும், சுண்டுக்குச்சியின் பேச்சு காணாமல் போகும்.

ஆர்னெட் கோல்மன் என்ற கறுப்பினக் கலைஞர் 1959இல் நியூயார்க்கில் இப்படிக் கட்டற்று ஜாஸ் வாசித்தபோது, இதெல்லாம் இசையா என்று கேட்டவர்கள் உண்டு. ஷெர்லி கிளார்க் 1960களிலேயே அவரைப் படம்பிடிக்கத் தொடங்கினார். படம் முடிந்து வந்தது 1985இல். நம் பக்கம் முனைவென்றி கிராமத்துக் குறிஞ்சி மலர் குழுவை வைத்து ஜோயி ஷெரினியன் எடுத்த ஆவணப்படம் 2011இல் வந்தது. அதன் தலைப்பே பறையை இசை என்று அறிவிக்கிறது. அறிவிக்க வேண்டியிருக்கிறது, பாருங்கள்.

வாசித்தவர்களின் பெயரோடு, முகத்தோடுதான் வீடியோ போட வேண்டும் என்பதில் நான் பிடிவாதமாக இருந்தேன். போன ஆடியில் ஒரு தம்பி என்னைத் தனியே கூப்பிட்டான். கோயம்புத்தூரில் வாடகை வீட்டில் இருக்கிறான்.

"அண்ணே, வீட்டுக்காரங்க பார்த்தா என்ன ஆளுன்னு தெரிஞ்சிரும். முகம் வேண்டாம். கையை மட்டும் எடுங்க."

எடுத்தேன். பதினோரு நிமிடம், இரண்டு கைகள், ஒரே ஷாட்.