அப்பாவின் காலும் அணைந்துபோன ப்ளாஷும்

போன் கேமராவுல ப்ளாஷ் வேலை செய்யலைன்னா அதுக்காக யாரும் லீவு போட்டு ரிப்பேருக்கு ஓட மாட்டாங்க. ப்ளாஷ் போட்டு எடுத்தா குழந்தைங்க கண்ணு செவசெவன்னு மின்னும், கண்ணாடி போட்டவங்க முகத்துல ஒரு வெள்ளைப் பொட்டு விழும். அது இல்லாம இருக்கறதே மேல்னு சொல்ற கட்சிதான் ஜாஸ்தி, நானும் அந்தக் கட்சிதான். அப்படிப்பட்டவன் 2024 ஜூலையில மேனேஜர்கிட்ட பல்லைக் காட்டி அரை நாள் லீவு வாங்கிட்டு எஸ்.பி. ரோடுக்குப் போனேன். காரணம் போட்டோ ஆசை இல்லைங்க. அப்பாவோட வலது கால்.

கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கறேன்.

அப்பா கோவில்பட்டியில இருக்கார். மின்வாரியத்துல வயர்மேனா இருந்து ரிட்டயர் ஆனவர். இருபது வருஷமா சுகர். சுகர் ரொம்ப நாள் இருந்தா பாதத்துல நரம்பு மரத்துப் போயிடும். முள்ளு குத்தினாலும் தெரியாது, கொதிக்கிற தார் ரோட்டுல நடந்தாலும் தெரியாது. செருப்புல இருந்த ஒரு ஆணி சுண்டு விரலுக்குக் கீழ குத்தியிருக்கு. அவருக்குத் தெரியலை. அம்மா போனதுக்கப்புறம் தனியா இருக்கற மனுஷன், பாதத்தைத் திருப்பிப் பார்க்க இடுப்பும் வளையாது. ஒரு ரூபாய்க் காசு அளவுக்குப் புண்ணான பிறகு சாக்ஸ்ல ரத்தம் பார்த்துதான் டாக்டர்கிட்ட போயிருக்கார்.

ஊர் டாக்டர் தங்கமான ஆள். சுத்தம் பண்ணி, மருந்து எழுதி, "ரெண்டு மாசம் மகன் வீட்டுல இருங்க. தினம் கட்டு மாத்தணும், தினம் ஒரு போட்டோ எனக்கு வாட்ஸப்புல வரணும்"னு சொல்லிட்டார். நான் போய் நாகர்கோவில் எக்ஸ்பிரஸ்ல கூட்டிட்டு வந்தேன். ஜே.பி. நகர்ல எங்க வீட்டு ஹால்ல தினம் ராத்திரி ஒன்பது மணிக்கு ட்ரெஸ்ஸிங். நான் ஆபீஸ்ல ஆணி புடுங்கிட்டு வர்றதுக்கே எட்டரை ஆயிடும்.

போட்டோவுக்கு டாக்டர் சட்டதிட்டமே போட்டிருந்தார். அதே ஸ்டூல், ஒரு அடி தூரம், புண்ணுக்குப் பக்கத்துல ஒரு ஸ்கேல், ஒரு துண்டு வெள்ளைப் பேப்பர், கண்டிப்பா ப்ளாஷ். "நேத்து அனுப்பினதையும் இன்னைக்கு அனுப்பினதையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பார்ப்பேன் தம்பி. வெளிச்சம் மாறிச்சுன்னா எனக்குப் புண்ணே மாறின மாதிரி தெரியும்"னார். இளஞ்சிவப்பா பொடிப்பொடியா சதை தெரிஞ்சா வளருதுன்னு அர்த்தம். சுத்தி சிவப்பு பரவினா கிருமி. ஓரம் கருத்தா... அதை அவர் முழுசா சொல்லலை. எங்களுக்கும் கேட்கத் தோணலை.

பத்தொன்பதாவது நாள் ராத்திரி ப்ளாஷ் வரலை. ரெண்டு மூணு தடவை அழுத்திப் பார்த்துட்டு, ஹால் விளக்குலயே எடுத்து, "ப்ளாஷ் வரலை டாக்டர்"னு ஒரு வரியும் சேர்த்து அனுப்பினேன். ஹால்ல இருக்கறது வீட்டு ஓனர் ஆசை ஆசையா மாட்டின மஞ்ச விளக்கு. பத்து நிமிஷத்துல டாக்டர் கூப்பிட்டார். "ஓரம் கருப்பா தெரியுது. லைட்டா, நிஜமான்னு இங்கேருந்து என்னால சொல்ல முடியலை. ராத்திரியே பக்கத்துல காட்டிடுங்க."

ஆட்டோவுல அப்பா பேசவே இல்லை. சிக்னல்ல நிக்கும்போது மட்டும் வெளிய பார்த்துக்கிட்டே, "விரலை எடுக்கணும்பாங்களோ?"ன்னார். பதினோரு கேவி லைன்ல முப்பது வருஷம் கம்பம் ஏறின ஆளு. அவர் அப்படி ஒரு கேள்வி கேட்டு நான் கேட்டதில்லை.

ட்யூட்டி டாக்டர் கட்டைப் பிரிச்சு, நல்ல வெளிச்சத்துல பார்த்துட்டு, "கருப்பெல்லாம் ஒண்ணும் இல்லையே, நல்லா ஆறிட்டு வருது"ன்னுட்டார். மஞ்ச வெளிச்சத்துல விழுந்த நிழல்தான் அது. வீட்டுக்கு வரும்போது மணி பன்னெண்டேகால்.

மறுநாள் சனிக்கிழமை. எழுந்து வந்து பார்த்தா அப்பா சோபாவுல காலை நீட்டிட்டு என் போனைக் கையில வச்சுத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கிட்டு இருக்கார். "ஏலே, எதுவா இருந்தாலும் மூணுதாம்லே. சப்ளை இருக்கா, சுவிட்சு விழுதா, லோடு நல்லாருக்கா. வரிசையா பாரு."

நான் பொட்டி தட்டறவன். எங்க ஊர்ல இதுக்கு 'ரூட் காஸ் அனாலிசிஸ்'னு பேரு வச்சு நாலு மீட்டிங் போடுவோம் :-)

சப்ளைன்னா பேட்டரி. சார்ஜ் ரொம்பக் கீழ போயிட்டா நிறைய போன்கள் ப்ளாஷைத் தானாவே நிறுத்திடும். ப்ளாஷ் அடிக்கற அந்த ஒரு நொடியில கரன்ட்டை மொத்தமா உறிஞ்சும், பலமில்லாத பேட்டரியா இருந்தா போனே அணைஞ்சிடும்னு ஒரு முன்ஜாக்கிரதை. போன் சூடா இருந்தாலும் இதே கதைதான், ஆறட்டும்னு நிறுத்தி வச்சிடும். என் போன்ல 80 சதவீதம் சார்ஜ், கை வச்சா ஜில்லுன்னு இருக்கு. சப்ளை ஓகே.

சுவிட்சுன்னா சாப்ட்வேர். கேமராவுல அந்த மின்னல் படம் 'ஆன்'ல இருக்கா, 'ஆட்டோ'வுல இருக்கான்னு பார்க்கணும். ஆட்டோன்னா வெளிச்சம் போதும்னு அதுவே முடிவு பண்ணிக்கும். நைட் மோடு மாதிரி சிலதுல போட்டா ப்ளாஷ் தானாவே ஒதுங்கிடும். ஆனா இதையெல்லாம் நோண்டறதுக்கு முன்னாடி செய்யவேண்டிய சோதனை ஒண்ணு இருக்கு. மேலேருந்து திரையை இழுத்து டார்ச்சைப் போட்டுப் பாருங்க. டார்ச்சும் ப்ளாஷும் ஒரே விளக்குதான். டார்ச் எரிஞ்சு ப்ளாஷ் மட்டும் வரலைன்னா கேமரா ஆப்லதான் வினை, கேச்சை அழிச்சா பெரும்பாலும் சரியாயிடும். டார்ச் பட்டனே மங்கிப் போய் அமுங்கலைன்னா வேற ஏதோ ஒரு ஆப் கேமராவைப் பிடிச்சு வச்சிருக்குன்னு அர்த்தம். வீடியோ கால் பேசிட்டு ஒழுங்கா மூடாம விட்டதா இருக்கும், ஒரு ரீஸ்டார்ட்ல போயிடும்.

எனக்கு மூணாவது ரகம். பட்டன் அழகா 'ஆன்'னு காட்டுது, வெளிச்சம் மட்டும் இல்லை. ரீஸ்டார்ட் பண்ணேன், அப்டேட் பார்த்தேன், நாமளா போட்ட ஆப் எதுவும் ஓடாத சேஃப் மோடுலயும் போட்டுப் பார்த்தேன். ம்ஹூம். அடுத்து பாக்டரி ரீசெட்தான் பாக்கின்னு நான் யோசிச்சுக்கிட்டு இருக்கும்போதே அப்பா குறுக்க வந்தார். "சுவிட்சை எத்தனை தடவைலே தட்டுவ? பல்பைப் பாரு."

அது பல்பு இல்லப்பா, எல்இடின்னு ஆரம்பிச்சேன். அவருக்குத் தெரியும்தான். பழைய பிலிம் கேமராவுல 'கீய்ங்'னு சத்தம் போட்டு சார்ஜ் ஏத்தி பளிச்னு அடிக்குமே, அது ஸெனான் குழாய். போன்லயும் அது வந்துச்சு, 2007-ல வந்த நோக்கியா என்82 ஞாபகம் இருக்கறவங்க கை தூக்குங்க. பெரிய கெபாசிட்டர் வேணும், இடத்தை அடைக்கும்னு அதைக் கழட்டிட்டாங்க. இப்ப இருக்கறது நீல வெளிச்சம் தர்ற ஒரு சின்ன சில்லு, மேல மஞ்சப் பூச்சு. நீலமும் மஞ்சளும் கலந்து நம்ம கண்ணுக்கு வெள்ளை. அந்த நீல எல்இடிக்காகத்தான் ஜப்பான்ல பொறந்த மூணு பேருக்கு, அகசாகி, அமானோ, நகாமுரா, 2014-ல இயற்பியல் நோபல் குடுத்தாங்க. அப்பாவுக்கு இதெல்லாம் பெருசா படலை. "1100-ல இருந்த டார்ச்சு மாதிரி வராது"ன்னு முடிச்சுக்கிட்டார். 2003-ல வந்த நோக்கியா 1100-ஐ வச்சுக்கிட்டு இருட்டுல பியூஸ் போட்டவர், அவர்கிட்ட எப்படி வாதாட?

எனக்கு அப்பதான் ஒண்ணு உறைச்சுது. டாக்டர் ப்ளாஷ் கேட்டது வெளிச்சம் பத்தலைன்னு இல்லை. அதே விளக்கு, அதே தூரம், அதே வெள்ளை. தினம் மாறாத ஒரு சாட்சி அவருக்கு வேணும்.

"என் போன்ல எடுங்களேன்"னு தங்கமணி நீட்டினாங்க. நியாயமான யோசனை. எடுத்து அனுப்பினா டாக்டர், "சுத்தி சிவப்பு கூடியிருக்கா? காய்ச்சல் இருக்கா?"ன்னு கேட்கறார். மறுபடியும் எல்லாருக்கும் வயித்துல புளி. தெர்மாமீட்டர் வச்சா 98.4. ஒவ்வொரு கம்பெனிக்காரனும் தோல் நிறத்தை அவனவன் ருசிக்கு மெருகேத்தறான், அவங்க போன்ல எல்லாமே கொஞ்சம் செக்கச்செவேல்னுதான் வரும். கடைசியில டாக்டரே ஒரு வழி சொன்னார்: ப்ளாஷ் சரியாகற வரைக்கும் காலையில ஏழரை மணிக்கு ஜன்னல் பக்கத்துல, நேர் வெயில் படாம, ரூம் லைட்டை எல்லாம் அணைச்சிட்டு, பழைய போன்லயே எடுங்க. நிஜத்துல அது ப்ளாஷை விட நல்லாவே வந்துச்சு. ஆனா பெங்களூரு ஜூலை எப்படின்னு உங்களுக்குத் தெரியும். திங்கக்கிழமை விடிஞ்சதே தெரியலை, ஒரே மூட்டம். எட்டு மணிக்கு எனக்கு கால் வேற. கால்னா ஆபீஸ் கால் :-)

அன்னிக்கு சாயங்காலம் கம்பெனி சர்வீஸ் சென்டருக்குப் போனேன். கவுண்டர்ல இருந்த தம்பி போனைத் திறக்கவே இல்லை. ஒரு வயரைச் சொருகி, கம்ப்யூட்டரைப் பார்த்துட்டு, "மதர்போர்டு மாத்தணும் சார். 11,000 கிட்ட ஆகும். அஞ்சு நாள். டேட்டா எல்லாம் போயிடும்." வீட்டுக்கு வந்து சொன்னேன். அப்பா சிரிச்ச சிரிப்புல தட்டுல இருந்த தோசை ஆடிச்சு. "பல்பு எரியலைன்னா டிரான்ஸ்பார்மரை மாத்தச் சொல்லுதான்!"

செவ்வாய்க்கிழமைதான் அந்த அரை நாள் லீவு. பச்சை லைன் மெட்ரோவுல கே.ஆர். மார்க்கெட்ல இறங்கி எஸ்.பி. ரோடுக்கு நடந்தேன். முழுப் பேரு சாதர் பட்ரப்பா ரோடு, பேரைச் சொன்னா ஆட்டோக்காரருக்கே தெரியாது. ரெசிஸ்டர்லேருந்து சிசிடிவி வரைக்கும் கிடைக்காத சாமானே இல்லை. இந்த மார்க்கெட் பக்கம் இன்னொரு விசேஷம் உண்டு. 1905-ல பெங்களூரு தெருவுக்கு முதமுதல்ல மின்விளக்கு வந்தப்ப, எரிய ஆரம்பிச்சது இந்த வட்டாரத்துலதான். கரன்ட் காவேரியில சிவசமுத்திரத்துலேருந்து வந்துச்சு. அதுக்கு மூணு வருஷம் முன்னாடியே, 1902-ல, அதே கரன்ட் கோலார் தங்கவயலுக்குப் போயிடுச்சு. அங்க சுரங்கத்துல இறங்கினவங்கள்ல நிறைய பேர் நம்ம வடஆற்காடு பக்கத்து ஆளுங்க. முதல்ல தங்கத்துக்கு, அப்புறம்தான் தெருவுக்கு!

மாடிப்படி அடியில ரெண்டாள் உட்காரற அளவு கடை. உள்ள ஒரு பையன், மைக்ரோஸ்கோப். "ஏன் ஆய்து சார்?"னு ஆரம்பிச்சவர், என் கன்னடத்தைக் கேட்டுட்டு இரக்கப்பட்டு, "தமிழா? சொல்லுங்கண்ணா"ன்னு மாறிட்டார். டார்ச் போட்டுப் பார்த்தார். பின்பக்கத்தைச் சூடு காட்டி மெதுவா நெம்பித் திறந்தவர் முதல்ல கேட்ட கேள்வி, "இதை யாருண்ணா முன்னாடி தொறந்தது?" போன வருஷம் பின் கண்ணாடி உடைஞ்சப்ப வேற ஒரு கடையில மாத்தினது. ஓரத்துல பசை பாதி தூரம்தான் ஓடியிருக்கு. தண்ணி உள்ள போகாதுங்கறது எல்லாம் அந்தப் பசையை நம்பித்தான்.

மல்டிமீட்டரை டயோடுல வச்சு எல்இடி மேல ரெண்டு முனையையும் தொட்டார். மினுக்குனு எரிஞ்சுது, மின்மினிப் பூச்சி அளவுக்கு. லோடு நல்லாருக்கு! எனக்கு அப்பாவைக் கூப்பிட்டுச் சொல்லணும் போல இருந்துச்சு, ஆனா போன்தான் மேஜை மேல பிளந்து கிடக்கே. அப்புறம் எல்இடியிலேருந்து போர்டுக்குப் போற பட்டை வயரோட கனெக்டரைக் கழட்டி மைக்ரோஸ்கோப்ல காட்டினார். ரெண்டு பின்னு மேல பச்சை பூத்திருக்கு, பழைய பித்தளைச் சொம்பு மாதிரி. "மழைக்காலத்துல தினம் இதே மாதிரி நாலு வருதுண்ணா. டெலிவரி பசங்க போனு எல்லாம் இப்படித்தான்."

ஆல்கஹால் தொட்டு பிரஷ்ல தேய்ச்சு, காய வச்சு, திரும்ப அமுக்கினார். எரிஞ்சுது. சுத்தி முழுசா புதுப் பசை. மொத்தம் 500 ரூபாய். "இனிமே தண்ணி தாங்கும்னு நம்பாதீங்க"ன்னு சொல்லித்தான் குடுத்தார்.

அன்னைக்கு ராத்திரி ஒன்பது மணிக்கு ட்ரெஸ்ஸிங். "நடுவுல லூஸ் கான்டாக்ட்டு"ன்னு அப்பா தீர்ப்பை முடிச்சிருந்தார். ஸ்கேல், பேப்பர், ப்ளாஷ். அனுப்பிட்டு, டாக்டர் பண்றதை நாமளும் பண்ணிப் பார்ப்போமேன்னு முதல் நாள் படம், பதினெட்டாவது நாள் படம், இன்னைக்கு எடுத்தது மூணையும் லேப்டாப்ல பக்கத்துல பக்கத்துல வச்சேன். 22 மில்லிமீட்டர், 18, 16. ஓரமெல்லாம் இளஞ்சிவப்பு.

"இப்படித் திருப்பு"ன்னார் அப்பா. அந்தப் புண்ணை அவர் அதுவரைக்கும் பார்த்ததே இல்லைங்கறது எனக்கு அப்பதான் தெரியும். கண்ணாடியைப் போட்டுக்கிட்டு மூணு படத்தையும் ரொம்ப நேரம் பார்த்தார். டாக்டர்கிட்டேருந்து "நல்லது, தொடரவும்"னு பதில் வந்ததை வாசிச்சுக் காட்டினேன். அதைக் காதுல வாங்கின மாதிரி தெரியலை.

"ஸ்கேலை நேரா வைலே. இன்னைக்கு எடுத்ததுல கோணலா கெடக்கு."