காவல்காரரைக் கேள்வி கேட்பது யார்?



ஷெரிஃப் என்றதும் என் வயதுக்காரர்களுக்கு ஜெய்சங்கர் குதிரையேறி வந்த கௌபாய் படங்கள்தான் நினைவுக்கு வரும். அமெரிக்காவில் இருக்கும் என் பழைய மாணவர் ஒருவர் போனில், "சார், இங்கே ஷெரிஃப்பை ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கிறாங்க. நம்ம ஊர்லயும் இன்ஸ்பெக்டரை அப்படித் தேர்ந்தெடுத்தா என்ன?" என்று கேட்டார். நல்ல கேள்வி. போனில் சொல்லி முடிகிற பதில் இல்லை என்பதால் இங்கே எழுதுகிறேன்.

அங்கே கவுண்டி என்பது ஏறக்குறைய நம் மாவட்டம் மாதிரி. பெரும்பாலான மாநிலங்களில் கவுண்டியின் ஷெரிஃப்பை மக்களே தேர்ந்தெடுக்கிறார்கள். கைது செய்வது, கவுண்டி சிறையை நடத்துவது, கோர்ட்டுக்குப் பாதுகாப்பு, சம்மன் கொடுப்பது, கோர்ட் உத்தரவுப்படி வீட்டைக் காலி செய்ய வைப்பது எல்லாம் அவர் பொறுப்பு. நம் இன்ஸ்பெக்டருக்கு மேலே டி.எஸ்.பி., எஸ்.பி. என்று இருப்பதுபோல் அவருக்கு மேலதிகாரி கிடையாது. ஓட்டுப் போட்டவர்கள்தான் மேலதிகாரி.

கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் அரிசோனா மாநிலத்தில் மரிகோபா கவுண்டி ஷெரிஃப்பாக ஜோ ஆர்பாயோ என்பவர் 24 ஆண்டுகள் இருந்தார். வெயில் கொளுத்தும் ஊரில் கைதிகளைக் கூடாரத்தில் அடைத்தார். லத்தீன் அமெரிக்க வம்சாவளியினரை அவர் துறையினர் குறிவைத்து நிறுத்திச் சோதித்ததாக வழக்கு நடந்தது. நிறுத்தச் சொன்ன நீதிமன்ற உத்தரவை மீறியதற்காக 2017-இல் குற்றவாளி எனத் தீர்ப்பானது. அடுத்த மாதமே அதிபர் டிரம்ப் மன்னிப்பு வழங்கினார். 2016 தேர்தலில் அவரைத் தோற்கடித்ததும் மக்கள்தான். ஆனால் அதற்கு முன் ஆறு முறை ஜெயிக்க வைத்ததும் அதே மக்கள்தான். பெரும்பான்மையின் ஓட்டு இருந்தவரை சிறுபான்மையின் அழுகை எடுபடவில்லை.

நம் சென்னையிலும் ஷெரிஃப் இருந்தார். 1726-ஆம் ஆண்டின் அரச சாசனம் மேயர் கோர்ட்டை அமைத்தபோது வந்த பதவி அது. கோர்ட் உத்தரவுகளை நிறைவேற்றுவதுதான் அவர் வேலை. பிற்காலத்தில் அதிகாரம் போய் மரியாதை மட்டும் மிஞ்சியது. ஏவி.எம். சரவணன் அவர்கள்கூட 1980-களில் அந்தப் பதவியில் இருந்திருக்கிறார். பிறகு பதவியே இல்லாமல் போனது.

ஆனால் அமெரிக்க ஷெரிஃப்போடு ஒப்பிட வேண்டியது சென்னை ஷெரிஃப்பை அல்ல. நம் திருநெல்வேலிச் சீமையின் காவல் முறையைத்தான். பாளையக்காரர்கள் பெரும்பரப்புக்குத் தேசகாவல் செய்தார்கள். ஊருக்குள் ஸ்தலகாவல் தனி. அதற்கு ஊரார் காவல் கூலி கொடுத்தார்கள். களவு போனால் காவல்காரர் பொருளை மீட்டுத் தர வேண்டும். முடியாவிட்டால் ஈடுகட்ட வேண்டும். இந்த ஒரு விஷயத்தில் அந்தக் காலம் நம் காலத்தைவிட மேல். இன்றைக்கு வண்டி களவு போனால் யார் ஈடுகட்டுகிறார்கள்?

அந்த முறையும் கெட்டுத்தான் போனது. கூலி கொடுக்காதவன் வீட்டு மாடு காணாமல் போகும். எங்கே இருக்கிறது என்று சொல்லத் துப்புக்கூலி கேட்பார்கள். காப்பவனே கவர்ந்தால் யாரிடம் முறையிடுவது? கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டது 1799-இல். அடுத்த சில ஆண்டுகளில் பாளையக்காரர்களின் ஆயுதங்களையும் காவல் உரிமையையும் கம்பெனி பறித்தது. ஊர்க்காவல் மட்டும் அதற்குப் பிறகும் வெகுகாலம் நீடித்தது. தலைமுறை தலைமுறையாகக் காவல் காத்த சில சமூகங்களையே பின்னால் குற்றப்பரம்பரை என்று பட்டியலில் சேர்த்ததும், 1947-இல் அந்தச் சட்டம் இங்கே ஒழிந்ததும் தனிக் கதை.

1816-இல் கிராம முன்சீபுக்குப் போலீஸ் அதிகாரம் வந்தது. சில்லறைக் குற்றத்துக்கு ஒருவரை 12 மணி நேரம் வரை சாவடியில் அடைத்து வைக்கலாம். அதே குற்றத்தைத் 'தாழ்ந்த சாதி' என்று சொல்லப்பட்டவர் செய்தால் 6 மணி நேரம் வரை தொழுக்கட்டையில் மாட்டலாம். சட்டத்திலேயே அப்படி எழுதியிருந்தது! உள்ளூர்க்காரர் கையில் அதிகாரம் இருந்தால் நியாயம் கிடைக்கும் என்று நினைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். பரம்பரை முன்சீப் பதவி 1980-இல் எம்.ஜி.ஆர். ஆட்சியில்தான் ஒழிந்தது, வி.ஏ.ஓ. வந்தார்.

ஆகவே என் மாணவருக்கு என் பதில்: இன்ஸ்பெக்டருக்குத் தேர்தல் வேண்டாம். நம் பக்கத்துப் பஞ்சாயத்துத் தேர்தலில் ஓட்டு எந்தக் கணக்கில் பிரிகிறது என்று பாவூர்சத்திரத்துச் சந்தையில் காய் விற்கிறவருக்கும் தெரியும். லாக்கப் சாவி அந்தக் கணக்கில் போய்ச் சேரக் கூடாது.

அதற்காக மேலிருந்து நியமித்தால் போதும் என்றும் சொல்ல மாட்டேன். 2020-இல் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் இறந்ததை நாம் மறக்க முடியாது. அங்கே மேலதிகாரிகள் இல்லாமலா இருந்தார்கள்? பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2006-லேயே, போலீஸ் மீதான புகாரை விசாரிக்க மாவட்டந்தோறும் ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி தலைமையில் ஆணையம் வேண்டும் என்றது. நம் மாநிலத்தின் 2013-ஆம் ஆண்டுச் சட்டம் அந்த நாற்காலியைக் கலெக்டருக்குக் கொடுத்தது. சட்டம் ஒழுங்குக்காக எஸ்.பி.யோடு தினமும் சேர்ந்து வேலை செய்கிறவர், அதே போலீஸ் மீதான புகாரைத் தயக்கமில்லாமல் விசாரிக்க முடியுமா? மாற வேண்டியது இதுதான்.

அதுவரை நாம் தெரிந்துகொள்ள வேண்டியவை சில. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய சட்டப்படி, சாட்சி விசாரணைக்கு 60 வயது கடந்தவரையும் பெண்களையும் ஸ்டேஷனுக்கு வரச் சொல்லிக் கட்டாயப்படுத்த முடியாது. அவர்கள் இருக்கும் இடத்துக்கு வந்துதான் கேட்க வேண்டும். எஃப்.ஐ.ஆர். நகலைப் புகார் கொடுத்தவருக்கு இலவசமாகத் தர வேண்டும். பதிய மறுத்தால் எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பலாம். அதற்கும் பலனில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். கைது செய்தவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். இதை வீட்டில் உள்ள பிள்ளைகளுக்கும் சொல்லி வையுங்கள்.

உங்கள் ஊர்ப் பெரியவர்கள் காவல் கூலி, துப்புக்கூலி பற்றிச் சொன்னது நினைவிருந்தால் கீழே எழுதுங்கள். அவர்களோடு அந்தக் கதைகளும் போய்விடக் கூடாது.