கிட்டப்பாவை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

நாடக நடிகரும் பாடகருமான செங்கோட்டை கிட்டப்பா 1906-இல் பிறந்தார். 1933 டிசம்பர் 2-ஆம் தேதி, 27 வயதில் போய்ச் சேர்ந்தார். அவரைப் பற்றிப் பேச உட்காருகிறவர்கள் பத்து நிமிஷத்துக்குள் அவர் மனைவி கே.பி.சுந்தராம்பாளின் வெள்ளைச் சேலைக்குத் தாவிவிடுகிறார்கள். 25 வயதில் கணவரை இழந்தவர், ஆண்களோடு ஜோடி சேர்ந்து நடிப்பதில்லை என்று விரதம் பூண்டவர், 1935-இல் நந்தனாராக ஆண்வேடமே போட்டவர் என்று அந்தக் கதை பெரியதுதான். ஆனால் அதில் கிட்டப்பா முதல் அத்தியாயத்தோடு முடிந்துபோகிறார். மிஞ்சினால் 'நல்ல பாடகர், நல்ல நடிகர்' என்று ஒரு வரி. அவரைப் பாட்டமைத்தவர்கள் கணக்கிலும் சேர்க்க வேண்டும் என்பது என் கட்சி.

நிலக்கோட்டை, வத்தலக்குண்டு பக்கத்து ஊர்த் திருவிழாக்களில் வள்ளி திருமணம் இன்னும் அற்றுப்போகவில்லை. அந்த ஸ்பெஷல் நாடகம் நடக்கிற முறையைப் பார்த்தாலே என் வாதத்தில் பாதி விளங்கிவிடும். ராஜபார்ட் ஓர் ஊர், வள்ளி வேறோர் ஊர், ஆர்மோனியக்காரர் இன்னோர் ஊர். கூட்டு ஒத்திகை கிடையாது. மேடைக்குப் பின்னால்தான் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கிறார்கள். கதையையும் பாட்டுகளையும் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) வகுத்துக் கொடுத்திருக்கிறார். எதை நீட்டுவது, எந்த இடத்தில் எந்த ராகத்துக்குத் தாவுவது என்பதெல்லாம் பாடுகிறவன் பொறுப்பு. அதிலும் விருத்தத்துக்குத் தாளமே இல்லை. சொல் புலவருடையது, மெட்டு அன்றிரவு பாடுகிறவருடையது. சிறுவயதிலேயே மேடையேறிய கிட்டப்பா வளர்ந்த பள்ளிக்கூடம் இந்த நாடகமேடைதான். தியாகராஜரின் தெலுங்குக் கீர்த்தனைகளையும் அவர் நாடகக்கொட்டகைக்குக் கூட்டிவந்தார். தேவாமிருதவர்ஷிணியில் அமைந்த 'எவரனி'யைச் சபா வாசலை மிதிக்காத ஜனங்களும் ரசித்தார்கள் என்றால் அதற்கு அவர்தான் காரணம்.

இதைக் கேட்டதும் சங்கீதம் தெரிந்தவர்கள் சிரிப்பார்கள். மனோதர்மம் எல்லா வித்வானுக்கும் உண்டு; நிரவல் பாடுகிறவரையெல்லாம் வாக்கேயக்காரர் என்று எழுதிக்கொள்வதா? நியாயமான கேள்விதான். கச்சேரி மனோதர்மம் இன்றைக்குப் பாடியது நாளைக்கு இல்லை. அதுதான் அதற்குப் பெருமை. கிட்டப்பாவின் விருத்தம் அப்படிக் கரைந்துபோகவில்லை. அவர் எடுத்த எடுப்பு, உச்சியில் நின்ற நிலை, இறங்கிய வழி எல்லாம் பிறர் பாடம் பண்ணிப் பாடும் உருப்படியாகவே ஆகிவிட்டன. சாட்சி நிலக்கோட்டைக்கு வெகுதூரத்தில் இல்லை. சோழவந்தானை அடுத்த தென்கரையில் 1923-இல் பிறந்தவர் டி.ஆர்.மகாலிங்கம். கிட்டப்பா மறைந்தபோது அவருக்கு வயது 10. அந்தப் பிள்ளைதான் 1945-இல் ஏவி.எம்.மின் 'ஸ்ரீவள்ளி'யில் முருகனாக நின்று பாடினார். கேட்டவர்கள் அதைக் கிட்டப்பா பாணி என்று சட்டென்று அடையாளம் கண்டார்கள். ஒருவர் செத்துப் பன்னிரண்டு வருஷம் கழித்து இன்னொரு தொண்டையில் அடையாளம் தெரிகிற மெட்டை அமைப்பு என்று சொல்லாமல் வேறு எப்படிச் சொல்வது?

எல்லாம் கிராமபோன் செய்த உபகாரம் என்றும் சொல்லலாம். பாதி ஒப்புக்கொள்கிறேன். தட்டின் ஒரு பக்கத்தில் ஏறக்குறைய மூன்று நிமிஷம்தான் பிடிக்கும். விடிய விடிய நாடகம் ஆடியவர் அந்த மூன்று நிமிஷத்துக்குள் எதை வைப்பது, எதை விடுவது என்று முடிவுகட்ட வேண்டியிருந்தது. அப்படி முடிவுகட்டுவது பாட்டமைக்கிறவன் செய்கிற வேலை. வியன்னாவின் ஷூபர்ட் 1828-இல் 31 வயதில் இறந்தார். 600-க்கும் மேற்பட்ட பாட்டுகளைத் தாளில் எழுதிவைத்துவிட்டுப் போனதால் அவரைக் குறித்து இந்தச் சந்தேகம் யாருக்கும் எழவில்லை. கிட்டப்பாவுக்குத் தட்டுதான் தாள். போதாததற்கு, அன்றைக்குத் தட்டு கொடுத்தவர்கள் எத்தனையோ பேர். அவர்களில் எத்தனை பேரின் பாணியை அடுத்த தலைமுறை தூக்கிச் சுமந்தது? இயந்திரம் எல்லோருக்கும் பொதுவாகத்தான் இருந்தது.

அற்பாயுசு என்கிற பரிதாபம்தான் பேரைக் காப்பாற்றுகிறது என்போரும் உண்டு. பரிதாபம் புகைப்படத்துக்கு மாலை போடும். மெட்டைப் பாடம் பண்ண வைக்காது. தமிழின் முதல் பேசும்படம் 'காளிதாஸ்' 1931-இல் வந்தது. அதற்குப் பிறகு இரண்டு வருஷம் உயிரோடிருந்தும் கிட்டப்பா ஒரு படத்திலும் நடிக்கவில்லை. மிஞ்சியவை தட்டுகள் மட்டுமே.