மயிலாப்பூர் சந்தில் ஒரு மந்திரக் கறுப்பு!

ஹாரி பாட்டர் பார்த்தவர்களுக்கு ஒலிவாண்டர் கடை மறந்திருக்காது. கி.மு. 382 முதல் மந்திரக்கோல் செய்வதாகப் பலகை மாட்டிய பழைய கடை. கோலுக்குள்ளே யூனிகார்ன் முடி, ஃபீனிக்ஸ் இறகு என்று ஏதாவது ஒன்று இருக்கும். கையில் எடுத்துச் சுழற்றிப் பார்த்தால்தான் எந்தக் கோல் யாருக்கு என்று தெரியும்.

நிஜத்தில் அப்படி ஒரு தொழிலைப் பார்க்க லண்டன் வரை போக வேண்டாம். மயிலாப்பூர் போதும். கபாலீஸ்வரர் கோயில் மாட வீதிகளில் பூக்கடை, பாத்திரக்கடையைத் தாண்டி உள்ளடங்கிய சந்துகளுக்குள் நடந்தால் மிருதங்கப் பட்டறைகள் உண்டு. பெரிய போர்டு எல்லாம் எதிர்பார்க்காதீர்கள். காதை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். ஒரே இடத்தை யாரோ திரும்பத் திரும்பத் தட்டிக்கொண்டிருக்கும் சத்தம் கேட்டால், அதுதான்.

யூனிகார்ன் முடி இங்கே கிடையாது. பலாமரம் உண்டு. பண்ருட்டிப் பக்கத்துப் பலாவுக்குத் தனி மவுசு. வலந்தலைக்கு மாட்டுத்தோலும் ஆட்டுத்தோலும் மூன்று அடுக்காக வரும். இடது பக்கமான தொப்பிக்கு எருமைத்தோலும் ஆட்டுத்தோலும். இரண்டையும் இழுத்துப் பிடிக்கும் வாரும் எருமைத்தோல்தான். தோலைத் தேர்ந்தெடுத்து, ஊறவைத்து, முடி நீக்கி, வட்டமாக வெட்டி, வாரை இழுத்துக் கட்ட வேண்டும். கையில் காய்ப்புக் காய்க்க வைக்கும் வேலை.

மந்திரம் அதற்கு அப்புறம்தான் ஆரம்பிக்கிறது. வலந்தலையின் நடுவே இருக்கும் கறுப்பு வட்டத்தைப் பார்த்திருப்பீர்கள். ஏதோ பெயின்ட் என்று நினைப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள்! அது சோறு. நிஜமாகவே சோறுதான். குழைய வடித்த சாதத்தோடு, கிட்டான் எனப்படும் கறுப்புக் கல்லைப் பொடியாக்கிப் பிசைந்து, துளித் துளியாக வைத்து, வழவழப்பான ஒரு கல்லால் தேய்க்கிறார்கள். காய்ந்ததும் அடுத்த பூச்சு. மறுபடி தேய்ப்பு. ஒவ்வொரு பூச்சுக்கும் தட்டிக் கேட்கிறார்கள். கொஞ்சம் கூடினாலும் நாதம் அடைத்துக்கொள்ளும், குறைந்தாலும் வெற்றாக ஒலிக்கும். எங்கே நிறுத்துவது என்று சொல்ல அளவுகோல் எதுவும் இல்லை. காது சொல்லும்.

சாதாரணத் தோல் வாத்தியத்தைத் தட்டினால் சத்தம் வரும், சுருதி வராது. நடுவில் இந்தக் கனம் சேரும்போதுதான் தோலின் அதிர்வுகள் ஒன்றுக்கொன்று இசைவாகின்றன. இதை ஆராய்ந்து 1920-ல் 'நேச்சர்' இதழில் எழுதியவர்களில் ஒருவர் சர் சி.வி.ராமன். அவர் விளக்குவதற்கு எத்தனையோ தலைமுறை முன்பே சோறு பிசைந்தவர்களின் விரலுக்கு அது தெரிந்திருந்தது.

ஆள் பார்த்துக் கோல் தரும் கதையும் இங்கே உண்டு. தாழ்ந்த சுருதியில் பாடுபவருக்கு நீளமான மிருதங்கம், உயர்ந்த சுருதிக்குக் குட்டையானது. அதற்கு மேல், வாசிப்பவரின் விரல் கனமா, மெலிதா, அவருக்கு 'சாப்பு' எப்படி ஒலிக்க வேண்டும் என்பதெல்லாம் செய்பவருக்கு அத்துப்படி. பாலக்காடு மணி ஐயரின் நாதத்துக்குப் பின்னால் பர்லாந்து என்ற கைவினைஞர் இருந்தார். 1966-ல் 'சங்கீத கலாநிதி' பெற்ற முதல் மிருதங்க வித்வான் மணி ஐயர். மேடைக்குக் கீழே இருந்த பர்லாந்துவை எத்தனை ரசிகர்களுக்குத் தெரியும்?

இந்தத் தொழிலில் இருப்பவர்களில் பெரும்பாலானோர் தலித் கிறிஸ்தவர்கள். வாத்தியம் பூஜை அறையில் இருக்கும்; தோலைத் தொட்டுச் செய்தவர் வாசலில் நின்ற காலம் உண்டு. இதைப் பற்றிப் பாடகர் டி.எம்.கிருஷ்ணா 'செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்' என்ற ஆங்கில நூலை 2020-ல் எழுதினார். அடையாறைத் தாண்டி, திருவான்மியூர் கலாக்ஷேத்ராவில் வெளியிடுவதாக ஏற்பாடு. அரங்கம் தர ஒப்புக்கொண்ட நிர்வாகம், புத்தகத்தின் உள்ளடக்கம் சர்ச்சைக்குரியது என்று சொல்லி அனுமதியை விலக்கிக்கொண்டது. விழா தரமணியில் உள்ள ஏசியன் காலேஜ் ஆஃப் ஜர்னலிசத்தில் நடந்தது. ஒரு வாத்தியம் எப்படிப் பிறக்கிறது என்று பேசுவதற்கே இடம் மாற வேண்டியிருந்தது, அதுவும் சங்கீத சீசனுக்குப் பேர்போன ஊரில்!

சீசன் என்றதும் இன்னொரு சங்கடம். மியூசிக் அகாடமியில் இருந்து தி.நகர் கிருஷ்ண கான சபா வரை டிசம்பரில் கச்சேரிகள் குவியும். அதற்கான வேலை பட்டறைக்கு வருவது ஐப்பசி, கார்த்திகையில். சென்னையில் மழை கொட்டுவதும் அப்போதுதான். தோல் காய வெயில் வேண்டும், கரணை காயவும் ஈரமில்லாத காற்று வேண்டும். இரண்டும் இல்லாத நாட்களில்தான் கெடு நெருங்கும்.

செயற்கைத் தோல் போட்ட மிருதங்கமும், வாருக்குப் பதில் நட்டு போல்ட் வைத்ததும் வந்துவிட்டன. தூக்கிப் போக வசதி. வெளிநாட்டுக் குளிருக்கும் தாங்கும். ஆனால் தேர்ந்த வித்வான்கள் பலருக்கு மனசு இன்னும் சோற்றுக் கறுப்பில்தான்.

அடுத்த முறை கச்சேரிக்குப் போனால் கால் மணி நேரம் முன்பே போய் முன் வரிசையில் உட்காருங்கள். மிருதங்கக்காரர் ரவையைப் பிசைந்து தொப்பியில் அப்புவார். கல்லும் மரக்கட்டையும் எடுத்து வலந்தலையின் ஓரத்தைத் தட்டிச் சுருதி சேர்ப்பார். கச்சேரி முடிந்ததும் ரவையைச் சுரண்டி எடுத்துவிடுவார். கறுப்பு மட்டும் அப்படியே இருக்கும். அது தேய்ந்து பெயர்ந்தால், மறுநாள் காலை அந்த மிருதங்கம் பட்டறைக்குப் போகும்.