உப்புக்காற்றில் ஒரு கம்ப்யூட்டர் கடை

செங்கல்பட்டில் கம்ப்யூட்டர் கடை நடத்துகிறேன். ஒரு பக்கம் நீதிமன்ற வழக்கறிஞர்கள், பத்திர எழுத்தர்கள், மருத்துவக் கல்லூரி மாணவர்கள். இன்னொரு பக்கம், திருக்கழுக்குன்றம் வழியாகச் சுமார் 30 கிலோமீட்டர் போனால், மாமல்லபுரத்தின் விடுதிகளும் சிற்பக் கூடங்களும். இவர்களை நம்பித்தான் என் தொழில்.

லேப்டாப் விற்பதில் கிடைக்கும் லாபம் மிகச் சொற்பம். வாங்க வருபவர் கடையில் நின்றபடியே அதே மாடலின் விலையைப் போனில் பார்த்துவிடுகிறார். மின்சார ரயிலேறினால் சென்னையின் எலக்ட்ரானிக்ஸ் சந்தையான ரிச்சி தெருவுக்கு ஒரு பொழுதில் போய்வரலாம். விலையை மட்டும் வைத்துப் போட்டியிட்டால் சிறிய ஊர்க் கடை தாக்குப்பிடிக்காது. அது பிழைப்பது சர்வீஸால்தான். இதை முகத்துதியோ சிரித்த முகமோ என்று நினைத்துவிடக் கூடாது. வாங்குபவரின் இடத்தையும் வேலையையும் அறிந்திருப்பதே சர்வீஸ்.

அதனால் பட்ஜெட்டைக் கேட்பதற்கு முன், "எந்த ஊர், எந்த ரூமில வைக்கப்போறீங்க?" என்று கேட்பது எங்கள் வழக்கம். கடலோரம் என்றால் பேச்சே வேறு. காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் உப்பு தானாகவே நீரை இழுத்துக் கசியத் தொடங்கும். மாமல்லபுரத்தில் பல இரவுகள் அப்படித்தான். கேபினெட்டுக்குள் படிந்த உப்புத்தூள் மின்சாரம் கடத்தும் ஈரப்படலமாகிறது. போர்டின் செம்புத் தடங்களும் யூஎஸ்பி முனைகளும் பச்சை பூத்து அரிக்கின்றன. சீசன் இல்லாத மாதங்களில் மூடிவைத்த கம்ப்யூட்டர்தான் அதிகம் கெடும். தினமும் ஓடும் இயந்திரத்தின் சூடு ஈரத்தை விரட்டிவிடும். ஆகவே விடுதிக்காரர்களிடம், ஆள் இல்லாவிட்டாலும் சில நாளுக்கு ஒருமுறை ஆன் செய்து ஓடவிடச் சொல்கிறோம். ஏசி அறையில் குளிர்ந்த லேப்டாப்பை வெளியே கொண்டுபோனதும் திறக்கக் கூடாது. பையிலேயே அரை மணி நேரம் இருக்கட்டும். இல்லையென்றால் உள்ளே நீர் பூக்கும்.

"டிஸ்ப்ளே வரலண்ணா" என்று கடலோரத்திலிருந்து வரும் கம்ப்யூட்டர்களில் பலவற்றுக்குப் போர்டு போயிருக்காது. ரேமைக் கழற்றி, அதன் பொன்னிற முனைகளை ஐசோபுரொபைல் ஆல்கஹாலால் துடைத்து மறுபடி பொருத்தினால் திரை ஒளிரும். அதற்குப் போய்ப் போர்டு விலையைச் சொல்வது பாவம். சுத்தம் செய்த கூலியை மட்டும் வாங்கி, என்ன செய்தோம் என்பதை வாடிக்கையாளர் கண்முன்னே காட்டிவிடுவோம். சிற்பக் கூடத்துக் கம்ப்யூட்டரில் கல்தூள் ஹீட்சிங்கை அடைத்திருக்கும். புளோயரால் ஊதும்போது ஃபேனை விரலால் பிடித்துக்கொள்ள வேண்டும். தாறுமாறாகச் சுழலவிட்டால் ஃபேனும் கெடும், போர்டுக்கும் ஆபத்து. புதிதாகச் சேரும் பையன்களுக்கு முதல் வாரத்திலேயே சொல்லித்தருவது இது.

2022 டிசம்பர் 9 இரவு மாண்டஸ் புயல் மாமல்லபுரம் அருகேதான் கரையைக் கடந்தது. இப்படி ஒரு புயல் எச்சரிக்கை வந்தால் எங்கள் கடையில் விற்பனை ஓரமாகப் போய்விடும். வாடிக்கையாளர்களுக்குப் போன் செய்து சொல்வதுதான் வேலை: பிளக்கைப் பிடுங்குங்கள், மோடத்துக்கு வரும் கேபிளையும் கழற்றுங்கள், ஏனென்றால் மின்னல் தாக்கினால் எழும் மின்அழுத்தம் அந்த வழியாகவும் ஏறும். நனைந்துபோனால் ஆன் செய்து பார்க்காமல் அப்படியே கொண்டுவாருங்கள். இதற்குக் கட்டணம் இல்லை. ஆனால் மறுநாள் வேலையைத் தொடங்க முடிந்த விடுதி மேலாளர், அடுத்த கம்ப்யூட்டருக்கு வேறு யாரிடமும் விலை கேட்பதில்லை.

செங்கல்பட்டுப் பக்கத்தில் பிரச்சினை உப்பு அல்ல, எழுத்து. தமிழக அரசு 2010இலேயே யூனிகோடை ஏற்றுக்கொண்டது. ஆனாலும் பத்திர எழுத்தர்களிடமும் டிடிபி மையங்களிலும் வானவில், பாமினி போன்ற பழைய எழுத்துருக்களில் அடித்த கோப்புகள் ஆண்டுக்கணக்கில் குவிந்திருக்கின்றன. தட்டச்சு பயின்ற விரலுக்குத் தமிழ்99 விசைப்பலகை பழகுவதும் எளிதல்ல. இது தெரியாமல் ஒருவர் விண்டோஸை ஃபார்மட் செய்தால் எழுத்துருவும் போய், பத்திரம் முழுக்கக் கிறுக்கல் குறியாகத் தெரியும். அதனால் எங்கள் ஜாப் ஷீட்டில் பழுதுக்கு மேலேயே இரண்டு கேள்விகள் உண்டு: எந்த எழுத்துரு, எந்தக் கீபோர்டு? பேக்கப் எடுத்து, வாடிக்கையாளரே ஒரு கோப்பைத் திறந்து சரியென்று சொன்ன பிறகுதான் டிஸ்க்கில் கை வைக்கிறோம். கம்ப்யூட்டரின் விலை சில ஆயிரங்கள். உள்ளே இருப்பது ஒருவருடைய பிழைப்பு.

2025 அக்டோபர் 14ஆம் தேதியோடு விண்டோஸ் 10க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் நிறுத்தியது. விண்டோஸ் 11க்கு டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்பு அம்சம் வேண்டும், இன்டெல் பிராசசர் என்றால் பொதுவாக எட்டாம் தலைமுறை முதல். பழையதை எல்லாம் தூக்கிப்போடச் சொல்லிப் புதியதை விற்க அருமையான வாய்ப்பு. ஆனால் பில் அடிக்க மட்டும் பயன்படும் ஒரு கம்ப்யூட்டருக்கு எஸ்எஸ்டியும் லினக்ஸும் போதும் என்றால், அதைத்தான் சொல்ல வேண்டும். வங்கிக் கணக்கு, வரித்தாக்கல் என்று இணையத்தில் வேலை செய்பவரிடம், பாதுகாப்பு அப்டேட் வராத சிஸ்டத்தை நம்பாதீர்கள் என்பதையும் மறைக்கக் கூடாது. இரண்டு பதில்களையும் ஒரே வாயால் சொல்லத் தெரிந்தவரைத்தான் ஊர் நம்புகிறது.

கடை எதற்கு என்று கேட்பவர்களுக்கு டெல் கம்ப்யூட்டரின் கதையைச் சொல்வேன். மைக்கேல் டெல் 1984இல் டெக்சாஸ் பல்கலைக்கழக விடுதி அறையில் தொடங்கிய நிறுவனம், இடையிலிருக்கும் கடைகளை விட்டுவிட்டு நேரடியாக விற்றே வளர்ந்தது. 2007இல் அந்த நிறுவனமும் அமெரிக்காவில் வால்மார்ட் கடைகளின் அலமாரிக்கு வந்தது.  வாங்குபவருக்குத் தொட்டுப் பார்க்க ஓர் இடமும், கேள்வி கேட்க ஒரு ஆளும் வேண்டியிருக்கிறது. அந்த ஆளாக இருப்பதற்குத்தான் எங்களுக்குச் சம்பளம்.

இந்தத் தொழிலுக்கு வர நினைக்கும் தம்பி, தங்கைகளுக்குச் சொல்கிறேன். ஷோகேஸை அலங்கரிக்கும் முன் ஒரு நல்ல மல்டிமீட்டர் வாங்குங்கள். நியூட்ரலுக்கும் எர்த்துக்கும் இடையே எத்தனை வோல்ட் என்று பார்க்காமல் யாருக்கும் சிஸ்டம் மாட்டிக்கொடுக்காதீர்கள். ஜிஎஸ்டி பில்லில் சீரியல் நம்பரை எழுதிக் கொடுங்கள். அது இல்லாத வாரண்டி வெறும் பேச்சு. வாரண்டியில் எது வராது என்பதை, விற்ற பிறகு அல்ல, விற்கும்போதே சொல்லிவிடுங்கள். பழுதோடு வருபவரை, புதிதாக வாங்க வருபவருக்கு முன்னால் உட்காரவையுங்கள். அவர்தான் உங்கள் அடுத்த பத்து வாடிக்கையாளர்களை அழைத்துவரப்போகிறவர்.