ஆழம் பார்த்தவர்

“ஆழம் தெரியாமல் காலை விடாதே” என்று நம் பாட்டிமார் சொல்லிச் சொல்லி நமக்கெல்லாம் காது புளித்துப் போயிருக்கிறது. ஆனால் ஆழத்தைப் பார்த்துச் சொல்வதையே தம் உத்தியோகமாகக் கொண்டு, அதிலேயே தலை நரைத்துப்போன ஒரு கடற்படை அதிகாரியைப் பற்றி நீங்கள் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? அவர் பெயர் ஆல்பிரட் டண்டாஸ் டெய்லர். 1825-ல் பிறந்து 1898-ல் காலமான ஆங்கிலேயர். விக்டோரியா மகாராணி காலத்து மனிதர்.

“சங்கரன்கோவிலில் இருப்பவளுக்கு ஏன் இந்தக் கப்பல் சமாசாரம்?” என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். எங்கள் ஊரில் சங்கரநாராயணர் இருக்கிறார். கோமதி அம்மன் இருக்கிறாள். ஆடித் தபசுக்கு ஊர் கொள்ளாத கூட்டம் வரும். புற்றுமண் பிரசாதம் உண்டு, தறிச் சேலை உண்டு, பூ மார்க்கெட் உண்டு. கடல் ஒன்றுதான் கிடையாது. கடலைப் பார்க்க வேண்டுமென்றால் தூத்துக்குடிக்கு ஏறக்குறைய 100 கிலோமீட்டர் போக வேண்டும்.

ஆனால் கடல் இல்லாத ஊருக்கும் கடலோடு பந்தம் உண்டு. எங்கள் பக்கத்துக் கரிசல் காட்டில் விளைந்த பஞ்சு அந்தக் காலத்தில் தூத்துக்குடி வழியாகத்தான் சீமைக்குப் போயிற்று. அந்தத் துறைமுகத்திலோ கரையோரம் ஆழம் கிடையாது. பெரிய கப்பல்கள் பல மைல் தள்ளி நங்கூரம் போட்டு நிற்கும். பஞ்சுப் பொதிகளைத் தோணிகளில் ஏற்றிக் கொண்டுபோய்க் கப்பலில் சேர்க்க வேண்டும். அங்கிருந்து சென்னைப் பட்டணத்துக்குப் புறப்படும் கப்பலோ நேரே வடக்கே போக முடியாது. ராமேசுவரத்துக்கும் இலங்கைக்கும் நடுவே ராமர் அணையின் மணல் திட்டுகள். ராமேசுவரத்துக்கும் நம் கரைக்கும் நடுவே பாம்பன் கால்வாய், சிறு கப்பல்கள் மட்டும் நுழையக்கூடிய சந்து. ஆகையால் பெரிய கப்பல்கள் இலங்கைத் தீவு முழுவதையும் சுற்றிக்கொண்டு போக வேண்டியதாயிற்று. தலையைச் சுற்றி மூக்கைத் தொடுகிற கதைதான்!

இந்தச் சுற்றை ஒழிப்பதற்கு 1860-ல் ஒரு யோசனை சொன்னவர்தான் நம் டெய்லர். மண்டபத்துக்கு அருகே கடலுக்குள் நீண்டிருக்கும் தோணித்துறை நிலமுனையைக் குறுக்கே வெட்டி, கப்பல் போகிற கால்வாய் ஒன்று அமைக்கலாம் என்றார். ராமர் அணையைத் தொடாத வழி அது. சேது சமுத்திரக் கால்வாய் என்று நாம் இன்றுவரை பேசிக்கொண்டிருக்கிறோமே, அந்தக் கதையின் முதல் அத்தியாயங்களில் ஒன்று இந்த யோசனை.

அந்த யோசனை என்ன ஆயிற்று என்று சொல்வதற்கு முன்னால், அவருடைய உத்தியோகம் எப்படிப்பட்டது என்று பார்த்துவிடுவோம்.

பம்பாயில் கிழக்கிந்தியக் கம்பெனிக்குச் சொந்தமாக ஒரு கடற்படை இருந்தது. ‘இந்தியக் கடற்படை’ என்று அதற்குப் பெயர். டெய்லர் அதில் சேர்ந்தவர். கடற்படை என்றதும் பீரங்கிப் புகையும் வெற்றி முரசும் நம் கண்ணுக்கு முன் வரும். டெய்லருடைய ஆயுதம் ஓர் ஈயக்குண்டும் நீளமான கயிறும்தான்! 1850-களில் மேற்குக் கரையோரத்தை அவர் அளந்தார்.

எப்படி அளப்பது தெரியுமா? படகில் போய் ஈயக்குண்டைக் கயிற்றோடு கடலில் விட வேண்டும். கயிற்றில் இத்தனை பாகத்துக்கு ஒரு தோல் துண்டு, இத்தனைக்கு ஒரு வெள்ளைத் துணி, இத்தனைக்குச் சிவப்புத் துணி என்று அடையாளம் கட்டியிருப்பார்கள். கும்மிருட்டிலும் விரலால் தடவிப் பார்த்தே ஆழத்தைச் சொல்லிவிடலாம். குண்டின் அடியில் ஒரு குழி. அதில் கொழுப்பை அப்பியிருப்பார்கள். அடியில் மணலா, சேறா, சங்கு சிப்பியா என்பது அதில் ஒட்டிக்கொண்டு வரும். ஒன்றும் ஒட்டாமல் வந்தால் கீழே பாறை என்று அர்த்தம். படகு எந்த இடத்தில் நிற்கிறது என்று அறியக் கரையில் தெரியும் மலை, பனைமரம், கோவில் கோபுரம் இவற்றைக் குறி வைத்துக் கருவியால் கோணம் பார்ப்பார்கள். நம் திருச்செந்தூர் கோபுரம் கடலோடிகளுக்கு அப்படிப்பட்ட ஓர் அடையாளம். பக்தர்களுக்கு மட்டுமல்ல, வழி தேடுகிற மாலுமிக்கும் முருகன் துணை இருந்திருக்கிறான்!

இன்னொரு விஷயம் எனக்கு மிகவும் பிடித்தது. கடல் ஏறும், வற்றும் அல்லவா? படத்தில் ஆழத்தைக் குறிக்கும்போது, நிறைந்திருக்கும் வேளையின் கணக்கைப் போட மாட்டார்கள். தண்ணீர் நன்றாக வற்றிய வேளையில் எவ்வளவு இருக்குமோ அதைத்தான் போடுவார்கள். போனஸ் வந்த மாதத்தை வைத்துக் குடும்பக் கணக்குப் போடாமல், கை வறண்ட மாதத்தை வைத்துப் போடுகிற கெட்டிக்காரத்தனம் இது. நாம் வீட்டில் செய்வதைத்தான் அவர்கள் கடலில் செய்திருக்கிறார்கள்.

ஒரு எண் தப்பாகப் போனால் என்ன ஆகும்? 1786-ல் ‘அட்லாஸ்’ என்ற கப்பல் இந்துமகா சமுத்திரத்தில் டீகோ கார்சியாத் தீவில் மோதி உடைந்தது. காரணம், கடற்படத்தில் இருந்த பிழை. அதில் உத்தியோகம் பார்த்த ஜேம்ஸ் ஹார்ஸ்பர்க் என்பவர் உயிர் தப்பினார். தப்பிய கையோடு, இனிப் படங்களைச் சரி செய்வதே என் வேலை என்று கிளம்பினார். அவர் எழுதிய கடல்வழிப் புத்தகம் கப்பல் தலைவர்களுக்கு வேதமாக விளங்கிற்று.

இனி டெய்லரிடம் திரும்புவோம். கால்வாய் யோசனை சொல்லி ஏறக்குறைய மூன்று வருஷம்தான் ஆகியிருந்தது. கம்பெனி ஆட்சி 1858-லேயே முடிந்து போயிருந்தது. ராணியின் கடற்படையே இந்தியாவையும் காத்துக்கொள்ளும், தனியாக ஒரு படை எதற்கு என்று தீர்மானித்து, 1863 ஏப்ரல் 30-ந் தேதி பம்பாயில் இந்தியக் கடற்படையின் கொடியை இறக்கிவிட்டார்கள். அப்போது டெய்லருக்கு வயது 37. கால்வாயும் வெட்டப்படவில்லை, சேர்ந்த கடற்படையும் கலைந்து போயிற்று. நம் வீடுகளில் இப்படி நேர்ந்தால், “பாவம், ஜாதகம் சரியில்லை” என்று சொல்லிவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்போம்.

கடல் அளக்கும் வேலையும் ஏறக்குறைய நின்றுபோயிற்று. ஆனால் கடலும் மணலும் சும்மா இருக்குமா? மணல் திட்டுகள் இடம் மாறும். ஆற்று முகத்துவாரங்கள் தூர்ந்துபோகும். 1869-ல் சூயஸ் கால்வாய் திறந்தது. நீராவிக் கப்பல்கள் இந்தியாவை நோக்கி மேலும் மேலும் வரத் தொடங்கின. பழைய படங்களை நம்பிப் புதிய கப்பல்கள் வருவது ஆபத்து என்பது சர்க்காருக்குப் புரிய வருஷங்கள் பிடித்தன.

1874-ல் கல்கத்தாவில் கடல் அளவைக்கென்று ஓர் இலாகாவை ஏற்படுத்தினார்கள். அதற்குத் தலைவராக யாரை வைத்தார்கள் தெரியுமா? டெய்லரைத்தான்! அதே வருஷத்தில் அவருடைய ‘இந்தியா டைரக்டரி’ என்ற கடல்வழி நூலும் வெளிவந்தது. ஹார்ஸ்பர்க்கின் புத்தகத்தை அடிப்படையாகக் கொண்டு எழுதியது அது. கப்பல் உடைந்து கடலில் விழுந்தவர் ஆரம்பித்த காரியத்தை, படை கலைந்து நின்றவர் தொடர்ந்தார்.

இலாகாவுக்காக 1881-ல் பம்பாயில் ‘இன்வெஸ்டிகேட்டர்’ என்ற மரக்கப்பல் கட்டப்பட்டது. அதில் போகும் டாக்டருக்கு இரட்டை வேலை: மாலுமிகளுக்கு மருந்து கொடுப்பது ஒன்று, ஆழ்கடலிலிருந்து வலையில் வரும் விசித்திரப் பிராணிகளை ஆராய்வது மற்றொன்று.

அந்தக் கால்வாய்? டெய்லருக்குப் பிறகு எத்தனையோ எஞ்சினீயர்கள் எத்தனையோ வழிகளைக் குறித்துக் கொடுத்தார்கள். சுதந்திரத்துக்குப் பின் 1955-ல் ஸர் ஏ. ராமசாமி முதலியார் தலைமையில் ஒரு கமிட்டி அமைந்தது. 2005 ஜூலை 2-ந் தேதி மதுரையில் ஆரம்ப விழாவே நடந்தது. அந்தத் திட்டத்தில் ஒரு கப்பலுக்கு 780 கிலோமீட்டர் வரை தூரமும் 30 மணி வரை நேரமும் மிச்சமாகும் என்று கணக்குச் சொன்னார்கள். ராமர் அணையைத் தோண்டக் கூடாது என்று பக்தர்களும், மீன் வளமும் பவளப் பாறையும் அழியும் என்று மீனவர்களும் ஆராய்ச்சியாளர்களும் எதிர்த்தார்கள். 2007-ல் சுப்ரீம் கோர்ட்டு, அணைக்குச் சேதம் செய்யக் கூடாதென்று இடைக்கால உத்தரவு போட்டது. பிறகு வேலை நின்றுபோயிற்று. அது நல்லதா கெட்டதா என்று தீர்ப்புச் சொல்ல நான் வரவில்லை.

நான் சொல்ல வந்தது வேறு. கால்வாய் வெட்டியிருந்தால் டெய்லர் பெயர் அதற்கு நிலைத்திருக்குமோ என்னவோ! வெட்டாததனால் அவர் வாழ்க்கை வீண் என்று ஆகிவிடுமா? அவர் அளந்தது வெள்ளைக்காரரின் வியாபாரத்துக்காகத்தான்; அதை மறைக்க வேண்டியதில்லை. அவருடைய படையில் கூடவே உழைத்த நம் நாட்டு மாலுமிகளின் பெயர்கள் படத்தின் மூலையில்கூட இல்லை. அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனாலும் ‘இங்கே நாலு பாகம்’ என்ற எண்ணுக்கு ஜாதி, மதம், தேசம் கிடையாது. எந்தக் கொடி பறக்கும் கப்பலையும் அது காப்பாற்றும்.

கப்பல் உடைந்தால் பத்திரிகையில் வரும். உடையாமல் கரை சேர்ந்த கப்பலைப் பற்றி யார் எழுதுகிறார்கள்? தினம் மூன்று வேளை ருசியாகச் சமைத்துப் போட்டால் ஒருவரும் வாய் திறப்பதில்லை. ஒரு நாள் ரசத்தில் உப்பு மறந்தால் வீடே அதைப் பற்றிப் பேசுகிறது, இல்லையா? அளந்து வைப்பவர்களின் தலைவிதி எங்கும் ஒன்றுதான்.

டெய்லர் முதல் தலைவராக இருந்த அந்த இலாகா இன்றும் இருக்கிறது. இப்போது டேராடூனில், நம் கடற்படையின் கீழ் நடக்கிறது. நம் நாட்டிலேயே கட்டிய ‘சந்தாயக்’ என்ற அளவைக் கப்பல் 2024 பிப்ரவரியில் சேவையில் சேர்ந்தது. ஈயக்குண்டுக்குப் பதில் இன்று ஒலியை அனுப்பி ஆழம் பார்க்கிறார்கள். கருவி மாறியிருக்கிறது, வேலை அதேதான்.

அடுத்த முறை திருச்செந்தூருக்கோ ராமேசுவரத்துக்கோ போனால், கடலில் தூரத்தே போகும் கப்பலை ஒரு நிமிஷம் நின்று பாருங்கள். அதில் இருப்பவனை எதிர்பார்த்து ஏதோ ஒரு வீட்டில் ஒருத்தி வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பாள். என்றோ எவரோ பொறுமையாக அளந்து எழுதிய எண்கள் அவனை அவளிடம் கொண்டு சேர்க்கும். டெய்லர் யாரென்று அவளுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. நமக்காவது தெரிந்திருக்கட்டுமே!