வானம் மொக்கையாக இருக்காது

போன ஐப்பசியில் ஒரு பதிப்பகத்திலிருந்து மாணவர் அகராதி ஒன்றின் புரூஃப் வந்தது. 'ம' வரிசை மட்டும். "சும்மா ஒரு பார்வை பார்த்துக் குடுங்க சார், ரெண்டு நாள் போதும்" என்றான் பையன் போனில். அகராதிக்காரனுக்கு 'ம' வரிசை ஒரு மலை. அதை இரண்டு நாளில் பெயர்த்துக்கொண்டு வர நான் அனுமார் இல்லை, ஓய்வு பெற்று ஆறு வருஷம் ஆன ஆள். இருந்தாலும் கை அரித்தது. வாங்கிக்கொண்டேன்.

மூன்றாம் நாள் ராத்திரி இந்தப் பதிவில் வந்து முட்டினேன்:

மொக்கை (பெ.அ.) 1. கூர்மையற்ற. 2. மங்கலான. 3. மந்தமான. 4. சலிப்பூட்டும். எ-டு: இன்று வானம் மொக்கையாக இருக்கிறது.

பென்சிலை வைத்துவிட்டு மொட்டை மாடிக்குப் போய் நின்றேன். மழை வரும்போல இருந்தது. வானம் மந்தாரமாக இருந்தது, மப்பாக இருந்தது, மூடிக்கொண்டிருந்தது. மொக்கையாக மட்டும் இல்லை. தமிழ் பேசுகிற யார் வாயிலும் அது ஒருநாளும் அப்படி இருந்ததில்லை.

தப்பு எங்கே நடந்தது என்பது பார்த்தவுடனே தெரிந்துவிட்டது. மொக்கைக்கு நேராக ஆங்கிலத்தில் 'டல்' என்று எவரோ எழுதியிருக்கிறார். பிறகு அந்த 'டல்'லுக்கு உள்ள பொருளையெல்லாம் வரிசையாகத் தமிழாக்கி மொக்கையின் தலையில் ஏற்றிவிட்டார்கள். ஆங்கிலத்தில் கத்தி, வானம், புத்தி, பிரசங்கம் நான்கையும் அந்த ஒரு சொல்லே சுமக்கும். தமிழில் அப்படியில்லை. மழுங்கியது, மங்கியது, மந்தித்தது எல்லாவற்றுக்கும் நாம் தனித்தனி ஆள் வைத்திருக்கிறோம். நிறம் வெளிறும். கண்ணாடிக்கு ரசம் போகும். பித்தளையில் களிம்பு ஏறும். அப்பளமும் பட்டாசும் நமுத்துப்போகும். காபி சப்பென்று இருக்கும். முகம் வாடும், குரல் கம்மும், பையன் மக்கு. வியாபாரம் மந்தம். ஒன்றின் வேலையை இன்னொன்றுக்குக் கொடுத்தால் வீட்டில் குழந்தைகூடச் சிரிக்கும்.

வேடிக்கை என்னவென்றால் 'டல்'லும் இப்போது தமிழ்ச் சொல்தான். கடைக்காரர் வியாபாரம் டல் என்கிறார், டார்ச் டல்லாக எரிகிறது, ஆள் என்ன டல்லாக இருக்கிறான் என்று விசாரிக்கிறோம். ஆனால் கத்தி டல்லாக இருக்கிறது என்று கறிக்கடையில் சொல்லிப் பாருங்கள். இரவல் சொல் தன் முழு மூட்டையோடு இங்கே இறங்கவில்லை. கத்தியை வாசலிலேயே இறக்கிவைத்துவிட்டு வந்திருக்கிறது, ஏனென்றால் உள்ளே அந்த இடத்தில் மொக்கை உட்கார்ந்திருந்தது. 'படம் டல்' என்றால் வசூல் போதவில்லை. 'படம் மொக்கை' என்றால் படமே போதவில்லை. 'உன் முகம் ஏன் டல்லா இருக்கு' என்பது கரிசனம். அங்கே மொக்கையைப் போட்டால் அடி விழும்.

இதையெல்லாம் நானாகக் கற்கவில்லை. எங்கள் அகராதிப் பிரிவின் தலைவரை எல்லோரும் 'ஐயா' என்போம். திருநெல்வேலிக்காரர். 1986-இல் நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம், மழுங்கல், மொக்கை, மொண்ணை மூன்றையும் என்னிடம் கொடுத்து விளக்கம் எழுதச் சொன்னார். நான் இலக்கியம் படித்த கர்வத்தில் கால் மணி நேரத்தில் முடித்தேன். மழுங்கல்: கூர்மையின்மை. மொக்கை: மழுங்கல். மொண்ணை: மொக்கை. ஐயா படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"தம்பி, திருச்செந்தூருக்கு வழி கேட்டவனை மூணு தெரு சுத்தவிட்டு, கேட்ட இடத்திலேயே கொண்டாந்து நிறுத்திட்டீரே. போயி சாணைக்காரன்கிட்ட உக்காந்துட்டு வாரும்."

கிண்டல் என்று நினைத்தேன், நிஜமாகவே அனுப்பினார். மயிலாப்பூரில் தெருத் தெருவாகச் சைக்கிளில் சாணை பிடித்துக்கொண்டு வந்த ஒருவர் பின்னாலேயே இரண்டு நாள் திரிந்தேன். அவர் சொற்களைக் கலக்கவே இல்லை. அரிவாள்மணைக்கும் கத்திக்கும் வாய், அது மழுங்கும். ஊசிக்கும் ஆணிக்கும் குத்தூசிக்கும் முனை, அது மொக்கையாகும். அடித்து வடித்தபோதே கூர் சரியாக வராதது மொண்ணை. 'இது மழுங்கல் இல்ல சார், மொண்ணை. சாணைக்குக் காசு வேஸ்ட்' என்று ஒரு அம்மாளின் கத்தியைத் திருப்பியே கொடுத்துவிட்டார். எல்லா ஊரிலும் இந்த வரம்பு இவ்வளவு கறாராக இருக்காது என்பது பின்னால் சொல்வழக்கைக் குறித்துவைத்த அட்டைகள் சேரச் சேரத் தெரிந்தது. மதுரை, தேனிப் பக்கத்து அட்டைகளில் மொக்கை என்றால் பருமன், பெரிது. மொக்கைச்சாமி என்று பெயர் வைக்கிறவர்கள் பிள்ளையைச் சலிப்பூட்டுபவன் என்றா சொல்கிறார்கள்? இருந்தாலும் வாய்க்கும் முனைக்கும் உள்ள அந்தக் கோடு என் விளக்கத்துக்கு உயிர் கொடுத்தது.

விளக்கம் எழுதினால் அதை வாக்கியத்தில் சொல் இருந்த இடத்தில் உட்காரவைத்துப் பார்க்க வேண்டும். உட்காராவிட்டால் விளக்கம் தப்பு. இதற்கு மேல் இந்தத் தொழிலில் ரகசியம் எதுவும் இல்லை. மீதி எல்லாம் பொறுமை. ஐயா ஜான்சன் கதையை அடிக்கடி சொல்வார். 1755-இல் வந்த அந்தப் பெரிய ஆங்கில அகராதியில், 'டல்' என்பதன் ஒரு பொருளுக்கு எடுத்துக்காட்டாக அகராதி செய்யும் வேலையையே போட்டுவைத்தாராம் மனுஷர். ஐயா அதைச் சொல்லிவிட்டுக் குலுங்கிக் குலுங்கிச் சிரிப்பார். எனக்குச் சிரிப்பு வரப் பத்து வருஷம் ஆனது.

சலிப்பு என்ற பொருளில் மொக்கை என் காதில் விழுந்தது 2003 வாக்கில், 29சி பேருந்தில், கல்லூரிப் பையன்கள் வாயிலிருந்து. "செம மொக்கை மச்சி." இறங்கியதும் டிக்கெட்டின் பின்பக்கம் எழுதிக்கொண்டேன். என் கல்லூரி நாளில் இதே வேலையை அறுவையும் பிளேடும் ரம்பமும் பார்த்தன, கழுத்தறுப்பு அதற்கும் மூத்தது, இடையில் கடி வந்தது. எல்லாமே அறுக்கிற, கடிக்கிற சாமான்கள். இது மட்டும் அறுக்கவே அறுக்காதது. கூர் உள்ளவற்றை எல்லாம் உபயோகித்துத் தேய்த்துவிட்டு, கடைசியில் தேய்ந்ததன் பெயரையே எடுத்துக்கொண்டார்கள் என்று ஐயாவிடம் சொன்னேன். முனை போன பென்சில், முனை போன ஜோக் என்று ஒரு வேர்க்கதையும் கட்டினேன். அவர் அப்போது ஓய்வு பெற்றுவிட்டார். ஆனால் வாரம் ஒருநாள் வருவார். "ரொம்ப இனிக்குதே. இனிக்கிற வேரை நம்பாதீரும்" என்றார். அந்த வரி அகராதியில் ஏறவில்லை.

ஆனால் எங்கள் இருவரையும் பதினொரு நாள் தூங்கவிடாமல் செய்தது வேர் இல்லை. ஒரே ஒரு 'ப்'.

மொக்கைப் படமா, மொக்கை படமா?

வெளியில் இருப்பவர்களுக்கு இது சந்திப்பிழை விவகாரம். எங்களுக்கு, இந்தச் சொல் என்ன சாதி என்பதே அந்த ஒற்றில்தான் இருந்தது. பச்சைக் கிளி, வெள்ளைத் தாள்: பண்புத்தொகை, வல்லினம் மிகும். அந்த வழியில் மொக்கைக் கத்தி சரி. மொக்கை அங்கே பெயர்ச்சொல்; அழகு, பருமன் மாதிரி. 'கத்தியின் மொக்கையைப் பார்' என்று வேற்றுமை ஏற்கும், 'ஆன' சேர்ந்து மொக்கையான கத்தி ஆகும். தொல்காப்பியர் பெயர், வினை, இடை, உரி என்று நான்கோடு நிறுத்தினார், பெயரடை என்று தனியாக ஒரு பெட்டி வைக்கவில்லை. 1856-இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம் எழுதிய கால்டுவெல்லும் இந்த மொழிகளின் அடைச்சொற்கள் உண்மையில் பெயர்களே என்கிற கட்சிதான். ஆக, மொக்கையைப் பெ. என்று போட்டுவிட்டு நிம்மதியாக டீ குடித்திருக்கலாம்.

ஆனால் பையன்கள் ஒற்றுப் போடுவதில்லை. எழுத்தில் மட்டுமில்லை, உச்சரிப்பிலும் இல்லை. 'மொக்க படம்', 'மொக்க காமெடி', 'மொக்க கிளாஸ்'. ஐகாரமும் இல்லை, இரட்டிப்பும் இல்லை. 'நல்ல படம்' என்பதில் 'நல்ல' எப்படி நிற்கிறதோ அப்படி நிற்கிறது. 'செம' என்ற அடையை முன்னால் ஏற்கிறது, 'மரண மொக்கை' என்கிறார்கள். அதே சமயம் 'மொக்கை போடு' என்னும்போது மறுபடி பெயர்ச்சொல். ஐயா கட்சி: ஒரே சொல், ஒரே பதிவு, ஒற்றுப் போடு, பேசுகிறவன் எப்படிப் பேசினாலும் எழுதுகிறவன் எழுதட்டும். என் கட்சி: இரண்டு பதிவு, முதலாவது பெ., கத்திக்கும் பென்சிலுக்கும், ஒற்றோடு, இரண்டாவது பெ.அ. (பெயரடை), பே.வ. (பேச்சு வழக்கு), ஒற்று இல்லாமல். பதினோராம் நாள் சாயங்காலம் அவர், "சரிய்யா, சாணைக்காரனைக் கேட்டாச்சு, கல்லூரிக்காரனையும் கேக்கத்தானே வேணும்" என்று எழுந்து போனார். எனக்கு விட்டுக்கொடுத்தாரா, அலுத்துப் போனாரா என்று இன்றைக்கும் விளங்கவில்லை. பதிவின் ஓரத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி மட்டும் போட்டிருந்தார்.

இப்போது இந்தப் புரூஃபைப் பார்க்கிறேன். 'மொக்கை போடு' பற்றி ஒரு வார்த்தை இல்லை. 'டீக்கடையில சும்மா மொக்கை போட்டுட்டிருந்தோம்' என்றால் அதில் சலிப்பே கிடையாது, சந்தோஷமான வெட்டிப் பேச்சு. நான்காம் பொருளை அங்கே உட்காரவைத்தால் 'சலிப்பூட்டும் போட்டுட்டிருந்தோம்' என்று பல்லிளிக்கிறது. 'மொக்கை வாங்கு' இல்லை. ஏதோ பேசப்போய் நாலு பேர் முன்னால் மூக்குடைபடுவதற்கு அதைவிடப் பொருத்தமாக இந்தத் தலைமுறை இன்னும் ஒன்று கண்டுபிடிக்கவில்லை. பே.வ. குறிப்பும் இல்லை. இதைப் படிக்கிற ஏழாம் வகுப்புப் பிள்ளை பரீட்சையில் 'தலைவியின் முகம் மொக்கையானது' என்று எழுதினால் மதிப்பெண்ணை யார் கொடுப்பது?

போன் பண்ணினேன். அரை மணி நேரம் பேசினேன். பையன் மரியாதையாகத்தான் கேட்டுக்கொண்டான். "சார், கம்ப்யூட்டர்ல லட்சக்கணக்கா வாக்கியம் இருக்கு, அதுலேர்ந்துதான் எடுக்கறோம்" என்றான். கணினியை நான் பழிக்கவில்லை. 'மொக்கை வாங்கு'வுக்கு என் பெட்டியில் மூன்று அட்டைதான் இருந்தன, அவன் திரையில் நொடியில் முந்நூறு வரும். அவ்வளவும் வந்த பிறகும் எழுதியது வானம் மொக்கை என்றால், வந்ததை எவரும் படிக்கவில்லை என்றுதானே பொருள்? சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது, ஒரு லட்சத்துக்கு மேல் சொற்கள், எல்லாம் கையெழுத்துச் சீட்டுகளிலிருந்து. 1992-இல் க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி வந்தபோது நாங்கள் போட்டியாளர்கள். பொறாமையோடு பக்கம் பக்கமாகப் புரட்டினோம். ஒவ்வொரு பொருளுக்கும் கீழே வாழ்கிற தமிழில் ஒரு வாக்கியம். அந்த வாக்கியத்துக்காக ஒருத்தர் உட்கார்ந்து யோசித்திருக்கிறார் என்பது படித்தாலே தெரியும். அதற்குப் பிறகு வந்த பலவற்றில் அந்த உட்கார்ந்த தடம் இல்லை. ஒன்றைப் பார்த்து ஒன்று, அதைப் பார்த்து இன்னொன்று. ஒரு தப்பு நான்கு அகராதியில் ஏறிவிட்டால் ஐந்தாவதுக்கு அது ஆதாரம்.

"யாரு சார் இவ்ளோ பாக்கப் போறாங்க?" என்றான் கடைசியில். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை, என் மேல் இரக்கத்தில் சொன்னான். எனக்கு அதுதான் தாங்கவில்லை.

"ஒற்றைக்கூட உன் இஷ்டத்துக்கு வெச்சுக்கோப்பா. ரெண்டு விதமும் வரும்னு போட்டுடு. அந்த வானத்தை மட்டும் எடுத்துடு."

"கண்டிப்பா சார்."

தை மாதம் புத்தகம் வந்தது. கெட்டி அட்டை, வண்ணப் படங்கள், சன்மானக் கவர். சொன்ன சொல் காப்பாற்றியிருந்தான், வானத்தை எடுத்துவிட்டான். அந்த இடத்தில் இப்போது இருக்கும் எடுத்துக்காட்டு: 'மொக்கை வெளிச்சத்தில் படிக்காதே.'